எட்டு முதல் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளுக்கு ஒலியைச் சொல்லித்தருவது எப்படி: முழுமையான வழிகாட்டி

மொட்டை மாடியிலோ தெருமுனை நூலகத்திலோ மாலை வகுப்பு எடுப்பவர்களுக்காக எழுதியது இது. பன்னிரண்டு பிள்ளைகள், மூன்று பேர் கொண்ட நான்கு குழுக்கள், நான்கு மாலைகள், ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலை என்று கணக்கு வைத்திருக்கிறோம். ஆய்வகமோ இசைக்கவையோ (டியூனிங் ஃபோர்க்) தேவையில்லை.

புதிதாகச் சொல்லித்தர வருபவர்கள் பெரும்பாலும் முதல் நாளே கரும்பலகையில் பாம்பு போல ஒரு கோடு வரைந்து, 'ஒலி என்பது ஓர் அலை' என்று எழுதிவிடுகிறார்கள். அதற்குப் பிறகு என்ன செய்து காட்டினாலும் பிள்ளைகள் மனதில் அந்தப் பாம்புதான் நிற்கும். இங்கே வரிசை வேறு. முதலில் விரலால் தொட வேண்டும், பிறகு கண்ணால் பார்க்க வேண்டும், பெயர் கடைசியாக வர வேண்டும். இந்த வரிசையை மட்டும் மாற்றாதீர்கள்.

1. முன்கூட்டியே சேர்த்துவைக்க வேண்டியவை

30 செ.மீ. பிளாஸ்டிக் ஸ்கேல் 4, எவர்சில்வர் கரண்டி 4, எவர்சில்வர் தட்டு 4, விளிம்பு வளைந்த தாம்பாளம் 1, டீக்கடை பேப்பர் கப் 12 (எட்டு போதும், நான்கு கிழியும்), பெரிய பலூன் 8, வாய் அகலம் பத்து செ.மீ. வரை உள்ள கிண்ணம் 4, ரவை 50 கிராம், மூடியில்லாத டிபன் பாக்ஸ் 4, தடித்ததும் மெல்லியதுமாக ரப்பர் பேண்டு, ஒரே அளவுள்ள கண்ணாடி சோடா பாட்டில் 4, தீக்குச்சி, நூல் 40 மீட்டர்.

உப்பு வேண்டாம், ரவை வாங்குங்கள். எங்கள் வட சென்னையில், காசிமேட்டிலும் திருவொற்றியூரிலும், கடல் காற்றின் ஈரத்தில் உப்பு பத்து நிமிடத்தில் கசிந்து ஒட்டிக்கொள்ளும், குதிக்காது. ரவையையும் ஒருமுறை வெறும் வாணலியில் வறுத்து ஆறவைத்துக் கொண்டுவந்தால் நல்லது.

நூல் விஷயத்தில் கவனம் தேவை. கம்பளி நூல் சத்தத்தைத் தின்றுவிடும். முறுக்கான பருத்தி நூல் அல்லது தூண்டிலுக்குக் கட்டும் தங்கூசி நரம்பு சரியாக இருக்கும். பிள்ளைகள் யாராவது வீட்டில் கிடக்கும் காத்தாடி மாஞ்சாவைக் கொண்டுவந்தால் உடனே வாங்கித் தனியே வையுங்கள். கண்ணாடித் தூள் பூசிய நூல் அது, இழுத்துப் பிடித்தால் விரலை அறுக்கும். சென்னையில் அதற்குத் தடையும் இருக்கிறது.

2. நேரம் பார்த்து வகுப்பு வையுங்கள்

கன்டெய்னர் லாரி போகும் சாலையை ஒட்டிய மாடியில் மாலை ஆறு மணிக்கு மெல்லிய சத்தம் எதுவும் காதில் விழாது. தொட்டுப் பார்க்கும் சோதனைகளை அந்த நேரத்தில் வையுங்கள். காது கொடுத்துக் கேட்க வேண்டியவற்றை அறைக்குள், ஃபேனை நிறுத்திவிட்டுச் செய்யுங்கள். ஃபேன் ஓடினால் ரவையும் பறக்கும்.

3. தொடுவதில் தொடங்குங்கள்

தொண்டையில் இரண்டு விரலை மெதுவாக வைத்து 'ம்ம்ம்' என்று சொல்லச் சொல்லுங்கள். பிறகு அதே இடத்தில் விரலை வைத்தபடி 'ஸ்ஸ்ஸ்' என்று காற்றை விடச் சொல்லுங்கள். முதலாவதில் விரலுக்குள் குறுகுறுக்கும், இரண்டாவதில் குறுகுறுக்காது. பெரும்பாலோர் முதல் பாதியோடு நிறுத்திவிடுகிறார்கள். 'ஸ்ஸ்ஸ்' இருந்தால்தான் ஒப்பிட ஒன்று கிடைக்கும். அதிலும் அதிர்வு உண்டு, ஆனால் அது பல்லிடுக்கில் சுழலும் காற்றில் நடக்கிறது, தொண்டையில் இல்லை.

அடுத்தது தாம்பாளம். விளிம்பில் ஓட்டை இருந்தால் அதில் நூல் கட்டித் தொங்கவிடுங்கள்; இல்லையென்றால் மூன்று விரல் நுனியில் ஏந்திக்கொள்ளலாம். கரண்டியால் தட்டுங்கள். ரீங்காரம் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஒரு பிள்ளை விளிம்பை விரலால் பிடிக்கட்டும். சத்தம் சட்டென்று நிற்கும். 'நீ சத்தத்தையா பிடித்தாய், தட்டையா பிடித்தாய்?' என்று கேளுங்கள். ஆட்டத்தை நிறுத்தினால் சத்தம் நிற்கிறது என்று அவர்களே சொல்வார்கள். அப்போது மட்டும் 'அந்த ஆட்டத்துக்குப் பெயர் அதிர்வு' என்று சொல்லுங்கள். கைக்கு முன்பே தெரிந்துவிட்ட ஒன்றுக்கு வைத்த பெயர் என்பதால் அது மறக்காது.

4. அதிர்வைக் கண்ணுக்குக் காட்டுங்கள்

பலூனின் கழுத்தை வெட்டி எறிந்துவிட்டு மீதியைக் கிண்ணத்தின் வாயில் இழுத்துப் போர்த்தி ரப்பர் பேண்டு போடுங்கள். விரலால் சுண்டினால் 'டொம்' என்று கேட்கும் அளவுக்கு இறுக்கம் வேண்டும். மேலே கால் ஸ்பூன் ரவையைப் பரப்புங்கள். எவர்சில்வர் தட்டை அதற்கு ஐந்து செ.மீ. மேலே பிடித்துக் கரண்டியால் தட்டினால் ரவை துள்ளும்.

எல்லோரும் செய்யும் தவறு, கிண்ணத்துக்கு மேலே குனிந்து பிள்ளைகளைக் கத்தச் சொல்வது. ரவை நகரும்தான். ஆனால் நகர்த்துவது மூச்சுக்காற்று. கூர்மையான பிள்ளை ஒன்று இருந்தால் அதையே கேட்டுவிடும்.

தட்டை வைத்துச் செய்தாலும் ஒரு சரிபார்ப்பு வேண்டும். முதலில் தட்டைத் தட்டாமல் வெறுமனே அதே உயரத்தில் அசைத்துக் காட்டுங்கள், ரவை துள்ளாது. பிறகு தட்டுங்கள். காற்று வீசியதால் துள்ளவில்லை, சத்தத்தால்தான் துள்ளியது என்று பிள்ளைகளுக்கு நிச்சயமாகும். அரை நிமிட வேலைதான், ஆனால் இந்த நான்கு மாலைகளில் அவர்கள் கற்றுக்கொள்ளும் பெரிய விஷயங்களில் ஒன்று இது.

5. சத்தம் எப்படி நகர்கிறது: வேகன் உதறல்

தட்டும் பலூனும் ஒன்றையொன்று தொடவில்லை. பிறகு எப்படி ஆட்டம் போய்ச் சேர்ந்தது? இந்தக் கேள்வியைப் பிள்ளைகளிடமே விட்டுவிட்டு ஒரு நிமிடம் சும்மா இருங்கள்.

கொருக்குப்பேட்டை, தண்டையார்பேட்டைப் பக்கத்துப் பிள்ளைகளுக்கு உதாரணம் வாசலிலேயே இருக்கிறது. நிற்கிற சரக்கு ரயிலை இன்ஜின் வந்து இடிக்கும்போது 'டம டம டம' என்று ஓர் உதறல் முதல் வேகனிலிருந்து கடைசி வேகன் வரை ஓடும். எந்த வேகனும் இருந்த இடத்தை விட்டு அதிக தூரம் போவதில்லை. உதறல் மட்டும் கடைசி வரை போகிறது. காற்றும் அப்படித்தான்: தட்டுக்குப் பக்கத்தில் உள்ள காற்று அடுத்த காற்றை நெருக்கிவிட்டுத் திரும்ப வந்துவிடுகிறது.

இதைப் பிள்ளைகளை வைத்தே நடத்துங்கள். எட்டுப் பேரை வரிசையாகத் தரையில் உட்காரவைத்து, ஒவ்வொருவரும் முன்னால் இருப்பவர் தோளில் கைவைக்கட்டும். கடைசிப் பிள்ளையின் முதுகில் மெல்லத் தள்ளினால் தள்ளு முன்னால் வரை போகும். நிற்கவைத்துச் செய்யாதீர்கள். மாடியில் சிரித்துக்கொண்டே கைப்பிடிச் சுவர் மேல் சாய்வார்கள்.

இப்போது கரும்பலகைக்கு வரலாம். கோடு வரையாமல் புள்ளிகள் வையுங்கள்: நெருக்கமாகக் கொஞ்சம், விலகலாகக் கொஞ்சம், மறுபடி நெருக்கமாக. பாடப்புத்தகத்தில் வரும் வளைவுக்கோடு எந்த இடத்தில் எவ்வளவு நெருக்கம் என்று காட்டும் வரைபடம் மட்டுமே. சத்தம் வளைந்து வளைந்து போவதில்லை.

6. திடப்பொருள் வழியே: கரண்டி மணியும் நூல் போனும்

ஒரு மீட்டர் நூலின் நடுவில் கரண்டியைக் கட்டுங்கள். இரண்டு முனைகளையும் இரண்டு ஆள்காட்டி விரலில் சுற்றி, விரல் நுனியால் காதை மூடச் சொல்லுங்கள். காதுக்குள் விரலை நுழைக்கக் கூடாது, வாசலை அடைத்தால் போதும். குனிந்து கரண்டியை மேசை விளிம்பில் மோதவிட்டால், வெளியே 'டிங்' என்று மட்டும் கேட்பது அந்தப் பிள்ளைக்குப் பெரிய மணிபோல் முழங்கும். 'அக்கா, காதுக்குள்ள கோயில் மணி அடிக்குது!' என்று ஒருவர் கத்தியதும் மற்றவர்கள் வரிசையைக் கலைத்துவிடுவார்கள். அதனால் நான்கு கரண்டியும் தயாராக இருந்த பிறகே தொடங்குங்கள்.

நூல் போனுக்குக் கப்பின் அடியில் ஊசியால் சின்ன ஓட்டை போட்டு, நூலை உள்ளே விட்டு, பாதித் தீக்குச்சியில் முடிச்சுப் போட்டு இழுங்கள். வெறும் முடிச்சு பேப்பரைக் கிழித்துக்கொண்டு வந்துவிடும். நீளம் ஏழு மீட்டர் போதும்.

போன் பேசவில்லையென்றால் காரணம் மூன்றில் ஒன்றாக இருக்கும். நூல் தொய்ந்திருக்கும், தொய்ந்த நூலில் ஆட்டம் முன்னேறாது. அல்லது நூல் சுவரிலோ கதவிலோ உரசும். போகிற வழியிலேயே ஆட்டம் அங்கே இறங்கிவிடும். அல்லது பிள்ளை கப்பின் அடியைக் கைக்குள் பொத்திப் பிடித்திருக்கும். தாம்பாளத்தை விரலால் பிடித்தபோது நடந்ததுதான் இங்கேயும். பிழையை நீங்கள் சொல்லாதீர்கள். 'தாம்பாளம் ஏன் நின்றது?' என்று கேட்டால் அவர்களே கண்டுபிடிப்பார்கள்.

தண்டவாளத்தில் காதை வைத்தால் தொலைவில் வரும் ரயில் கேட்கும் என்ற உதாரணத்தை எங்கள் வட்டாரத்தில் சொல்லவே கூடாது. வியாசர்பாடியிலும் கொருக்குப்பேட்டையிலும் வீட்டுக்குப் பின்னாலேயே பாதை ஓடுகிறது. சொன்னால் மறுநாள் யாராவது போய்ப் பார்ப்பார்கள். மாடிப்படியின் இரும்புக் கைப்பிடிக் குழாய் போதும். ஒருவர் ஐந்து மீட்டர் தள்ளி நகத்தால் சுரண்ட, இன்னொருவர் குழாயில் காதை வைத்துக் கேட்கட்டும். காற்றில் ஒலி வினாடிக்கு ஏறத்தாழ 350 மீட்டர் போகிறது, நீரில் ஏறத்தாழ 1500 மீட்டர், இரும்பில் ஏறத்தாழ 5000 மீட்டர். எண்களை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை, எது முந்துகிறது என்று தெரிந்தால் சரி.

7. உரப்பும் சுருதியும்: இங்கேதான் எல்லோரும் வழுக்குகிறார்கள்

இதற்கு ஒரு முழு மாலையை ஒதுக்குங்கள். 'சவுண்ட ஏத்து' என்று பிள்ளைகளிடம் சொன்னால் சிலர் கத்துவார்கள், சிலர் கீச்சுக்குரலில் பேசுவார்கள். இரண்டுக்கும் நாம் ஒரே சொல்லைப் புழங்குவதால் வரும் குழப்பம் இது. எவ்வளவு பலமாகக் கேட்கிறது என்பது உரப்பு. கட்டையாகக் கேட்கிறதா, கீச்சென்று கேட்கிறதா என்பது சுருதி. இந்தப் பெயர்களையும் சோதனைக்குப் பிறகே சொல்லுங்கள்.

ஸ்கேலை மேசை விளிம்பில் வைத்துப் பத்து செ.மீ. வெளியே நீட்டுங்கள். ஒரு கை விளிம்பை ஒட்டி அழுத்திப் பிடிக்கட்டும். முதலில் நீளத்தை மாற்றாமல் சுண்டும் பலத்தை மட்டும் மாற்றுங்கள்: லேசாக, பிறகு பலமாக. சத்தம் கூடும், குரல் மாறாது. அடுத்து பலத்தை மாற்றாமல் நீளத்தை மாற்றுங்கள்: 25, 15, 10, 5 செ.மீ. இருபத்தைந்தில் ஸ்கேல் ஆடுவது கண்ணுக்குத் தெரியும், ஆனால் அந்த ஆட்டத்துக்கு ஒரு குரல் இருக்காது. வினாடிக்கு 20 தடவைக்குக் குறைவாக ஆடினால் நம் காதுக்கு அது கேட்பதில்லை. பத்தில் கட்டைக் குரல் வரும், ஐந்தில் குரல் நன்றாக ஏறிவிடும், ஆட்டம் கண்ணுக்குத் தெரியாது. வேகமாக ஆடினால் சுருதி ஏறும் என்பதைக் கண்ணும் காதும் சேர்ந்து சொல்லும் சோதனை இது.

ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுவது முக்கியம். இரண்டையும் சேர்த்து மாற்றினால் எதனால் எது வந்தது என்று பிள்ளைக்குத் தெரியாது. 'டபடப' என்று கேட்டால் அது ஸ்கேலின் குரல் இல்லை, மேசையில் அடிபடும் சத்தம். அழுத்திப் பிடிக்கவில்லை என்று பொருள்.

அடுத்து ரப்பர் பேண்டு. இதை இரண்டு விரலுக்கு நடுவே இழுத்துச் சுண்டி, 'இழுத்தால் சுருதி ஏறும்' என்று காட்டப் பார்க்காதீர்கள். இழுக்க இழுக்க இறுக்கம் கூடுகிறது, கூடவே நீளமும் கூடுகிறது. ஒன்று சுருதியை ஏற்றும், மற்றது இறக்கும். கடைசியில் பெரிதாக எதுவும் மாறாது, நீங்கள் பிள்ளைகள் முன்னால் விழிப்பீர்கள். டிபன் பாக்ஸ் மேல் மாட்டிவிட்டு, நடுவில் விரலால் அழுத்தி ஆடும் பகுதியைச் சுருக்குங்கள். சுருதி ஏறுவது தெளிவாகக் கேட்கும். தடித்த ரப்பரும் மெல்லிய ரப்பரும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தால் கனமானது கட்டையாகப் பேசுவதையும் கேட்கலாம்.

இறுக்கத்தைக் காட்டப் பறையை விட நல்ல உதாரணம் இல்லை. அடிப்பதற்கு முன் அதைத் தீயில் காய்ச்சுவதைப் பிள்ளைகள் பார்த்திருப்பார்கள். ஏன் காய்ச்சுகிறார்கள் என்று பெரும்பாலோருக்குச் சொல்லப்பட்டதில்லை. ஈரம் ஏறிய தோல் தொய்ந்து 'தொப்' என்று விழும். சூட்டில் ஈரம் போய்த் தோல் இறுகியதும் குரல் எழும்பி வரும். தெருவில் பறையோ டோலக்கோ வாசிப்பவர் இருந்தால் கூப்பிட்டுக் காட்டச் சொல்லுங்கள். தோலின் இறுக்கத்தைக் காதாலேயே அளப்பவர் அவர். அந்தப் பாடத்துக்கு அவர்தான் ஆசிரியர்.

மாலை முடிவில் தரையில் சாக்பீஸால் நான்கு கட்டம் போடுங்கள். துறைமுகத்தில் கப்பல் ஊதும் சங்கு: உரப்பு அதிகம், சுருதி கட்டை. குக்கர் விசில்: உரப்பும் அதிகம், சுருதியும் அதிகம். காதோரக் கொசு: உரப்பு குறைவு, சுருதி அதிகம். ஃபிரிட்ஜின் உறுமல்: இரண்டும் குறைவு. இந்த நான்கையும் சொல்லிவிட்டு, மீதியைப் பிள்ளைகளே கொண்டுவந்து கட்டத்தில் வைக்கட்டும். எந்தக் கட்டம் என்று சண்டை வரும். வரட்டும்.

8. பாட்டில்: ஒரே பாட்டில், இரண்டு விடை

நான்கு சோடா பாட்டில்களில் ஒன்றைக் காலியாகவும், மற்றவற்றைக் கால், அரை, முக்கால் அளவு தண்ணீரோடும் வையுங்கள். பென்சிலால் தட்டினால் தண்ணீர் கூடக் கூடச் சுருதி இறங்கும். அதே பாட்டில்களின் வாயில் ஊதினால் தண்ணீர் கூடக் கூடச் சுருதி ஏறும்.

பல வகுப்புகளில் ஒரு குழு தட்டும், ஒரு குழு ஊதும், இரண்டும் எதிரெதிர் விடை சொல்லும், சொல்லித்தருபவர் திணறுவார். விடை 'எது ஆடுகிறது?' என்ற கேள்வியில் இருக்கிறது. தட்டும்போது ஆடுவது கண்ணாடியும் அதோடு ஒட்டிய தண்ணீரும். தண்ணீர் சேரச் சேரப் பாரம் கூடி ஆட்டம் மெதுவாகிறது. ஊதும்போது ஆடுவது உள்ளே இருக்கும் காற்று; தண்ணீர் சேரச் சேரக் காற்றுக்கு இடம் குறைந்து ஆட்டம் வேகமாகிறது. எந்தக் கருவியைப் பற்றிப் பேசினாலும் முதல் கேள்வி இதுவாகவே இருக்கட்டும்.

ஊதத் தெரியாத பிள்ளைக்கு: கீழுதட்டைப் பாட்டிலின் விளிம்பில் ஒட்டவைத்து, காற்று எதிர் விளிம்பில் படுமாறு குறுக்கே ஊத வேண்டும். உள்ளே ஊதினால் 'புஸ்' என்றுதான் வரும்.

நேரம் மிஞ்சினால் பூவரச இலையில் பீப்பீ செய்யுங்கள். தளிரும் வேண்டாம், முற்றலும் வேண்டாம். காம்பைக் கிள்ளிவிட்டு, ஓரத்திலிருந்து சுருட்டி, ஒரு முனையைப் பல்லால் லேசாகத் தட்டையாக்கி ஊத வேண்டும். அந்தத் தட்டையான வாய் திறந்து மூடி ஆடுவதுதான் சத்தம். நாதஸ்வரத்தின் சீவாளியும் இதே வேலையைத்தான் செய்கிறது.

9. எதிரொலியால் வேகத்தை அளப்பது

இது ஞாயிற்றுக்கிழமைக் காலை வேலை. ஆறரை மணிக்குள் முடித்துவிடுங்கள், அதற்குமேல் வண்டிச் சத்தம் எதிரொலியை விழுங்கிவிடும். பள்ளி மைதானத்தில் பெரிய தட்டையான சுவருக்கு எதிரே சரியாக 50 மீட்டர் அளந்து நில்லுங்கள். நடுவில் மரமோ வண்டியோ இருக்கக் கூடாது. 17 மீட்டருக்குள் நின்றால் எதிரொலி அசல் சத்தத்தோடு ஒட்டிக்கொள்ளும், தனியாகக் கேட்காது. லாரி வந்துபோகும் குடோன் சுவர்ப் பக்கம் போக வேண்டாம்.

கையால் தட்டுவதை விட இரண்டு மரக்கட்டைகளை அடிப்பது மேல். அடி, எதிரொலி, அடி, எதிரொலி என்று கடிகாரம் போலச் சீராக வரும்வரை வேகத்தைச் சரிசெய்யுங்கள். எதிரொலி இரண்டு அடிகளுக்குச் சரியாக நடுவில் விழ வேண்டும். தாளம் சீராக நிலைத்ததும், ஓர் அடியிலிருந்து அடுத்த அடி வரை ஓர் இடைவெளி என்று வைத்து, பத்து இடைவெளிகளுக்கு எவ்வளவு நேரம் என்று ஸ்டாப்வாட்சில் பாருங்கள்.

ஒவ்வொரு இடைவெளியிலும் ஒலி 200 மீட்டர் போயிருக்கும் (சுவருக்குப் போய்வர 100, அதற்கு இடைவெளியில் பாதி நேரம்தான் ஆனது). பத்துக்கு 2000 மீட்டர். 5.7 வினாடி வந்தால் வேகம் வினாடிக்கு 351 மீட்டர். 30 டிகிரி வெப்பத்தில் உண்மை மதிப்பு 349.

விடை 390 பக்கம் வந்தால் எண்ணுவதில் பிழை. ஸ்டாப்வாட்சை அழுத்தும் அடியைப் பிள்ளைகள் 'ஒன்று' என்று எண்ணியிருப்பார்கள், பத்து அடிக்குள் ஒன்பது இடைவெளிதான் இருக்கும். முதல் அடியைச் 'சைபர்' என்று சொல்லப் பழக்குங்கள்.

கணக்கு பிடித்த பிள்ளைகளுக்குக் காசிமேட்டு விசைப்படகைக் கொடுங்கள். படகில் உள்ள எக்கோ சவுண்டர் கீழே அனுப்பிய ஒலி 0.1 வினாடியில் திரும்பினால் ஆழம் எவ்வளவு? 150 என்று சொல்பவர் போய்வந்த இரண்டு வழியையும் ஆழமாக எண்ணிவிட்டார். விடை 75 மீட்டர்.

10. காதைப் பற்றி ஒரு கால் மணி நேரம்

செவிப்பறையும் நாம் கட்டிய பலூன் தோல் போன்றதுதான் என்று சொன்னால், ஹேர்பின்னையும் தீக்குச்சியையும் காதுக்குள் விடக் கூடாது என்பதற்கு வேறு விளக்கம் வேண்டாம். குடியிருப்புப் பகுதியில் சட்டம் அனுமதிக்கும் ஒலி அளவு பகலில் 55 டெசிபல், இரவு பத்து முதல் காலை ஆறு வரை 45. போன் செயலியில் தெருவை அளந்து பார்க்கலாம், ஆனால் போன் காட்டும் எண்ணை அப்படியே நம்பாதீர்கள். இரண்டு இடங்களை ஒப்பிட மட்டும் அது உதவும்.

இந்த நான்கு மாலைகளில் ஒரு பிள்ளை எப்போதும் ஒரே பக்கம் தலையைத் திருப்பிக் கேட்டாலோ, நூல் போனில் ஒரு காதில் மட்டும் கேட்கவில்லை என்றாலோ, வகுப்பில் எதுவும் சொல்லாமல் பெற்றோரிடம் தனியே சொல்லுங்கள். காதில் சீழ் வடிவதைச் சாதாரணமாக விட்டுவிடுகிறார்கள். ஸ்டான்லி அரசு மருத்துவமனையில் காது மூக்கு தொண்டைப் பிரிவு இருக்கிறது.

11. ஒரு வாரம் கழித்துச் சோதிப்பது

வகுப்பில் செய்த எதையும் கேட்காதீர்கள். செய்ததைக் கேட்டால் ஒப்பிப்பார்கள். தண்ணீர் லாரி வரும் நாளில் கேளுங்கள்: குடம் நிரம்பும்போது சத்தம் ஏன் ஏறிக்கொண்டே போகிறது? உள்ளே இருக்கும் அம்மாவுக்குக் குடம் நிரம்பப் போவது எப்படித் தெரிகிறது?

'தண்ணீர் கூடுகிறது, அதனால்' என்று ஒரு பிள்ளை சொன்னால் பாதி வந்திருக்கிறது. 'எது ஆடுகிறது?' என்று மட்டும் கேட்டுவிட்டுக் காத்திருங்கள். 'காத்துக்கு இடம் குறையுது' என்று வந்தால் அடுத்த பாடத்துக்குப் போகலாம். வராவிட்டால் விளக்காதீர்கள், பாட்டிலை எடுத்து மறுபடி கையில் கொடுங்கள்.